கையெழுத்துப் போடாத தாத்தா

புதுச்சேரியிலிருந்து விழுப்புரம் போகும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து சாராயக்கடைப் பலகைகளை எண்ணுவது சின்ன வயதில் எனக்கு ஒரு விளையாட்டு. வில்லியனூர் தாண்டும்வரை பலகைகள் வரும். கண்டமங்கலத்தில் சட்டென்று நின்றுவிடும். திருபுவனை வந்ததும் மறுபடி முளைத்து, மதகடிப்பட்டு வரைக்கும் கூடவே வந்து, பிறகு ஒரேயடியாக மறையும். நேராகப் போகிற ஒரே சாலையில் இது ஏன் இப்படி விட்டு விட்டு வருகிறது என்று அப்பாவைக் கேட்டேன். "பலகை இருந்தால் பிரெஞ்சுக்காரன் ஆண்ட இடம், இல்லாவிட்டால் இங்கிலீஷ்காரன் ஆண்ட இடம்" என்றார். ஐரோப்பியப் பேரரசுகளைப் பற்றி நான் கற்ற முதல் பாடம் அதுதான்.

பள்ளிக்கூடத்தில் கற்ற இரண்டாவது பாடம் இதைவிடச் சுருக்கம். "1954ஆம் ஆண்டு புதுச்சேரி இந்தியாவுடன் இணைந்தது." அவ்வளவுதான். தேர்வில் ஒரு மதிப்பெண். அந்த ஒரு வரி தவறு என்று சொல்ல மாட்டேன். ஆனால் எங்கள் வீட்டில் அந்த வரியைச் சொன்னால் பாட்டி ஒத்துக்கொள்ள மாட்டாள். "எந்த இணைப்பைச் சொல்கிறாய், கொடி இறங்கிய இணைப்பா, கடுதாசி வந்த இணைப்பா?" என்பாள். முதலாவது 1954 நவம்பர் 1. இரண்டாவது 1962 ஆகஸ்ட் 16. நடுவில் எட்டு ஆண்டுகள். அந்த எட்டு ஆண்டுகள் ஏன் என்பதற்கு எங்கள் தெருவில் யாரிடமும் பதில் இல்லை. பதில் எங்கள் தெருவிலேயே இல்லை என்பது எனக்குப் புரிய நாற்பது வயது ஆகிவிட்டது. பாதி வியட்நாமில் இருந்தது, பாதி அல்ஜீரியாவில்.

தாத்தா ரோடியர் மில்லில் நூற்புப் பிரிவில் வேலை பார்த்தவர். அவருடைய அண்ணன், அதாவது எங்களுக்குச் சைகோன் தாத்தா, 1936இல் கப்பலேறி, அப்போது பிரான்ஸ் ஆண்ட வியட்நாமின் சைகோன் நகரச் சுங்கத்தில் காவலராகச் சேர்ந்தவர். அந்தக் காலத்தில் புதுவை, காரைக்கால் பக்கத்துப் பையன்கள் சைகோன் போவது, இந்தக் காலத்தில் வளைகுடா போவது மாதிரி. போலீஸ், சுங்கம், தபால், குமாஸ்தா வேலை என்று எல்லா இடத்திலும் நம்மவர்கள் இருந்தார்கள். பிரெஞ்சு அரசு ஒரு குடியேற்றத்து மக்களைக் கொண்டு இன்னொரு குடியேற்றத்தைக் காவல் காத்தது. புதுச்சேரியில் புழங்கிய ரூபாய் நோட்டை அச்சிட்டு வெளியிட்டதே வியட்நாமை உள்ளடக்கிய பிரெஞ்சு இந்தோசீனாவின் வங்கி என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். கடலுக்கு அப்பால் இருந்த சைகோன், பணத்தாலும் வேலையாலும் எங்களுக்கு மதராசைவிடப் பக்கமாக இருந்தது.

இரண்டாம் உலகப் போரில் பாரிஸ் வீழ்ந்தபோது புதுச்சேரி 1940லேயே, ஜெர்மனியை எதிர்த்துப் போரைத் தொடர்ந்த ஜெனரல் தெகோல் பக்கம் சேர்ந்துவிட்டது. வேறு வழியும் இல்லை, சுற்றிலும் பிரிட்டிஷ் மண். சுதந்திர பிரான்ஸ் என்ற பெயரில் அடிமை நாடுகளின் பிள்ளைகள் போருக்குப் போனார்கள். ஆனால் போர் முடிவதற்கு முன்பே, 1944 தொடக்கத்தில் பிராசவில் நகரில் கூடிய மாநாட்டில் தெகோல் தரப்பு தெளிவாகச் சொல்லிவிட்டது: சீர்திருத்தம் உண்டு, பிரெஞ்சுப் பேரரசுக்கு வெளியே தன்னாட்சி என்ற பேச்சே கிடையாது. 1945 மே 8 அன்று ஐரோப்பா வெற்றியைக் கொண்டாடிக்கொண்டிருந்த அதே நாளில் அல்ஜீரியாவின் செத்தீப் நகரில் தங்கள் கொடியைத் தூக்கிய ஊர்வலத்தின் மீது துப்பாக்கி வெடித்தது. அதற்குப் பின் வந்த வாரங்களில் ஆயிரக்கணக்கானோர் கொல்லப்பட்டார்கள். அதே ஆண்டு செப்டம்பர் 2இல் ஹனோயில் ஹோ சி மின் விடுதலையை அறிவித்தார். அடுத்த ஆண்டு நவம்பரில் ஹைபோங் துறைமுகத்தைப் பிரெஞ்சுக் கப்பல்கள் குண்டுவீசித் தகர்த்தன. ஹிட்லரிடம் அடிபட்டு எழுந்த நாடு, எழுந்த கையோடு செய்த வேலை இது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வருவதைவிட வியப்புத்தான் அதிகம் வருகிறது. நான்கு வருடம் அந்நியப் படையின் கீழ் இருந்தவர்களுக்கு அது எப்படி இருக்கும் என்று தெரியாதா?

இங்கே 1947 ஆகஸ்ட் 15 வந்தது. வில்லியனூரில் பிரெஞ்சுக் கொடி, அடுத்து வரும் கண்டமங்கலத்தில் மூவர்ணம். அந்த அக்டோபரில் பிரான்ஸ், மசூலிப்பட்டினம், கோழிக்கோடு, சூரத் போன்ற இடங்களில் பெயருக்கு வைத்திருந்த பழைய பண்டகசாலை மனைகளை மட்டும் இந்தியாவிடம் ஒப்படைத்தது. புதுச்சேரி, காரைக்கால், மாஹே, ஏனாம், சந்திரநாகூர் ஐந்தையும் விடவில்லை. 1948 ஜூனில் ஓர் ஒப்பந்தம்: அந்தந்த ஊர் மக்களே வாக்களித்து முடிவு செய்யட்டும். 1949 ஜூன் 19இல் சந்திரநாகூர் வாக்களித்தது. இந்தியாவுக்கு 7,473. பிரான்சுக்கு 114. அதன்பிறகு மற்ற நான்கு ஊர்களிலும் வாக்கெடுப்பு எப்போது என்ற கேள்விக்கு பாரிசிலிருந்து பதில் வருவது மெல்ல மெல்லக் குறைந்து போனது. 114 என்ற எண்ணைப் பார்த்தவன் எவனும் அவசரப்பட மாட்டான்.

இந்தியா சும்மா இருக்கவில்லை. 1949இல் சுங்க ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு, பிரெஞ்சுப் பகுதியைச் சுற்றிச் சுங்கச்சாவடி போட்டது. புதுச்சேரியின் வரைபடத்தைப் பார்த்தவர்களுக்கு இதன் சிரமம் புரியும். அது ஓர் ஊர் அல்ல, தரையில் விழுந்து உடைந்த அப்பளம். துண்டு துண்டாகக் கிடக்கும், துண்டுகளுக்கு நடுவே இந்தியக் கிராமம், இந்தியக் கிராமத்துக்கு நடுவே மறுபடி ஒரு துண்டு. பாட்டிக்குத் தாய்வீடு கண்டமங்கலம். எங்கள் ஊரான வில்லியனூரிலிருந்து நடந்தே போய்விடலாம். அந்த வருடங்களில் பொங்கலுக்குத் தாய்வீடு போக பிரெஞ்சுச் சாவடியில் ஒருமுறை, இந்தியச் சாவடியில் ஒருமுறை மூட்டையை அவிழ்த்துக் காட்ட வேண்டும். பிரெஞ்சுப் பக்கத்தில் வெளிநாட்டுச் சாமான் மலிவு: கைக்கடிகாரம், டார்ச் லைட், செண்டு பாட்டில். அந்தப் பக்கத்து அரிசியும் காய்கறியும் இல்லாவிட்டால் இந்தப் பக்கத்தில் அடுப்பு எரியாது. மதராஸ் மாகாணம் 1948இல் முழு மதுவிலக்கு கொண்டுவந்திருந்ததால் இரவில் வரப்பு வழியாக எதிர்த்திசையில் வேறு ஒரு போக்குவரத்து. பாட்டி தன் தம்பிக்காக ஒரு டார்ச் லைட்டை அவலுக்குள் புதைத்துக் கொண்டுபோன கதையைச் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தாள். சாவடிக்காரர் அவலில் ஒரு பிடி எடுத்து வாயில் போட்டுக்கொண்டு, "வெல்லம் போடவில்லையா?" என்று கேட்டாராம். மறு கையை இன்னும் நாலு விரற்கடை உள்ளே விட்டிருந்தால் மாட்டியிருப்பாள். பேரரசின் எல்லை எங்கள் வீட்டு அவல் மூட்டைக்குள் ஓடியது என்று யாராவது பெரிதாக எழுதினால் எனக்குச் சிரிப்பு வரும். ஆனால் ஓடியது உண்மை.

1954க்கு வருவோம். இந்த ஆண்டில்தான் தேதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும்.

மார்ச் 13. வியட்நாமின் வடமேற்கு மூலையில் டியன் பியன் பூ பள்ளத்தாக்கில் பிரெஞ்சுப் படைத்தளத்தை ஹோ சி மின்னின் வியட்மின் படை முற்றுகையிட்டுத் தாக்கத் தொடங்கியது. சுற்றியிருந்த மலைகளின் மேல் பீரங்கிகளை மனித பலத்தால் இழுத்து ஏற்றியிருந்தார்கள். அந்த மலைமேல் பீரங்கி ஏறாது என்று நம்பித்தான் பிரெஞ்சுக்காரர்கள் பள்ளத்தில் முகாம் போட்டிருந்தார்கள்.

மார்ச் 18. புதுச்சேரியின் அமைச்சர்களும் நகரசபைத் தலைவர்களும், வாக்கெடுப்பு எதுவும் தேவையில்லை, இந்தியாவுடன் இணைய வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். முன்னால் நின்றவர் எதுவார் குபேர். அதுவரை பிரெஞ்சு ஆட்சியின் வலதுகை என்று பெயர் எடுத்தவர், பாரிஸ் நாடாளுமன்றத்தில் பிரெஞ்சிந்தியாவின் பிரதிநிதி. 1936 ஜூலை 30இல் சவானா ஆலை வாசலில் 12 தொழிலாளிகள் சுட்டுக் கொல்லப்பட்ட காலத்திலிருந்து போராடி, சிறையும் நாடு கடத்தலும் பார்த்த கம்யூனிஸ்ட் தொழிற்சங்கத் தலைவர் வ. சுப்பையாவின் தோழர்கள் ஒரு பக்கம் இருக்க, கடைசி நேரத்தில் பக்கம் மாறிய குபேர்தான் பின்னாளில் முதல்வர் ஆனார். கடற்கரைச் சாலைக்கு அவர் பெயர். பெரிய மார்க்கெட்டுக்கும் அவர் பெயர். தாத்தா சுப்பையாவின் சங்கத்து ஆள். கடைசிவரை அதைக் குபேர் அங்காடி என்று அவர் வாயால் சொல்லிக் கேட்டதில்லை, "பெரிய மார்க்கெட்" மட்டும்தான்.

குபேருக்கு மார்ச் 13 செய்தி எட்டித்தான் மார்ச் 18 தீர்மானம் போட்டார் என்று நான் சொல்லவில்லை. உள்ளூர்க் கணக்குகளும், ஊழல் விசாரணை பற்றிய பேச்சும், இந்தியாவின் சாவடி நெருக்கடியும் எல்லாம் சேர்ந்தே இருந்தன. ஆனால் காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்பதை அறிவதில் அவரை விடத் தேர்ந்தவர் புதுச்சேரியில் இருந்ததில்லை என்று தாத்தா சொல்வார். எதிராளியின் வாயிலிருந்து வந்த பாராட்டு என்று எடுத்துக்கொள்ளலாம். மார்ச் 31இல் குபேர் நெட்டப்பாக்கம் போய் மூவர்ணம் ஏற்றி அங்கே ஒரு தற்காலிக அரசை அமைத்தார். மே 7இல் டியன் பியன் பூ விழுந்தது. ஜூன் 13இல் ஏனாம் கைமாறியது, ஜூலை 16இல் மாஹே. இடையில் பாரிசில் ஆட்சி கவிழ்ந்து பியேர் மெந்தெஸ் பிரான்ஸ் பிரதமரானார். முப்பது நாளில் இந்தோசீனாவில் சமாதானம், முடியாவிட்டால் பதவி விலகுகிறேன் என்று கெடு வைத்துக்கொண்டு வந்தவர். ஜூலை 20 நள்ளிரவு தாண்டி ஜெனீவாவில் கையெழுத்தானது. வியட்நாமையே விட்டவருக்குப் புதுச்சேரி எம்மாத்திரம்?

ஆனால் ஒரு முட்டுக்கட்டை. 1946ஆம் ஆண்டின் பிரெஞ்சு அரசியலமைப்பில் 27ஆம் பிரிவு, சம்பந்தப்பட்ட மக்களின் ஒப்புதல் இல்லாமல் எந்த நிலப்பகுதியையும் விட்டுக்கொடுப்பது செல்லாது என்கிறது. கேட்க நல்ல பிரிவு. பிடித்தபோது யாரிடம் ஒப்புதல் கேட்டார்கள் என்பது வேறு விஷயம். முழு வாக்கெடுப்பு வேண்டாம் என்கிறது இந்தியா, ஒப்புதல் வேண்டும் என்கிறது சட்டம். நடுவில் கண்டுபிடித்த வழிதான் கீழூர். சட்டமன்ற உறுப்பினர்களும் நகரசபை உறுப்பினர்களுமாகப் புதுச்சேரி, காரைக்காலின் 178 பிரதிநிதிகள் 1954 அக்டோபர் 18இல் கூடி வாக்களித்தார்கள். இணைப்புக்கு ஆதரவாக 170. எதிராக 8.

கீழூருக்கு நான் இரண்டு முறை போயிருக்கிறேன். வில்லியனூர் பக்கம், நெல்லும் கரும்பும் சூழ்ந்த சின்ன ஊர். முதல் முறை ஆகஸ்ட் 16 அன்று: கொடியேற்றம், ஒலிபெருக்கி, பந்தல், தியாகிகளுக்குச் சால்வை, வெள்ளை வேட்டிகள். இரண்டாவது முறை ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் தனியாகப் போனேன். நினைவிடத்துச் சுவரின் நிழலில் ஒரு ஆட்டுக்குட்டி படுத்திருந்தது. பக்கத்து வயலில் களை எடுத்துக்கொண்டிருந்த அம்மா, "யாரைத் தேடுகிறீர்கள்?" என்று கேட்டார். யாரையும் இல்லை, சும்மா பார்க்க வந்தேன் என்றேன். "ஆகஸ்ட்டில் வாருங்கள், அப்போதுதான் மந்திரி வருவார்" என்றார். நான் அங்கே நின்று அந்த எட்டுப் பேரைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். 170 பேரை ஊர் கொண்டாடுகிறது. எட்டுப் பேர் அத்தனை பேர் நடுவில், முடிவு தெரிந்த பிறகும், மறுத்து வாக்களித்துவிட்டு வீடு திரும்பியிருக்கிறார்கள். அவர்கள் எண்ணம் சரி என்று சொல்ல வரவில்லை. பென்ஷன் கவலையோ, பிரெஞ்சுப் பற்றோ, இந்திய அரசின் மேல் பயமோ, எதுவாகவும் இருக்கலாம். அவர்களும் பேச நமது வரலாற்றில் ஒரு நாற்காலி போட்டிருக்கலாம் என்று தோன்றியது, அவ்வளவுதான்.

மூன்று நாள் கழித்து, அக்டோபர் 21இல் டெல்லியில் ஒப்பந்தம். நவம்பர் 1 காலை கொடி மாறியது. பிரான்ஸ் தரப்பில் பியேர் லாந்தி, இந்தியத் தரப்பில் கேவல் சிங். துப்பாக்கி வெடிக்கவில்லை. தாத்தா அன்றைக்குக் கடற்கரைக்குப் போயிருந்தார். கூட்டத்தில் செருப்பு தொலைந்துபோய் வெறுங்காலோடு வில்லியனூர் வந்தாராம். சுதந்திர தினம் என்றாலே அவருக்கு அந்தச் செருப்பு ஞாபகம்தான் வரும்.

இனி நான் சொல்ல வந்த விஷயம். அதே 1954 நவம்பர் 1, கிறிஸ்தவர்களுக்கு அனைத்துப் புனிதர் திருநாள். அன்று அதிகாலையில் அல்ஜீரியாவின் பல இடங்களில் ஒரே நேரத்தில் குண்டுகள் வெடித்தன, காவல் நிலையங்கள் தாக்கப்பட்டன. தேசிய விடுதலை முன்னணி போரைத் தொடங்கிவிட்டது. புதுச்சேரியில் பிரெஞ்சுக் கொடி இறங்கிய அதே நாளில்தான் அல்ஜீரியாவில் அதை இறக்குவதற்கான போர் தொடங்கியது. புதுச்சேரியை அமைதியாக விட்டுக்கொடுத்த அதே மெந்தெஸ் பிரான்ஸ் அந்த மாதமே நாடாளுமன்றத்தில் எழுந்து, அல்ஜீரியா பிரெஞ்சுக் குடியரசின் பகுதி, அதைப் பிரிப்பது என்ற பேச்சுக்கே இடமில்லை என்றார். அவருடைய உள்துறை அமைச்சர் மித்தெரான், அல்ஜீரியா என்றால் பிரான்ஸ் என்றார்.

ஒரே வாய் எப்படி இரண்டு பேசியது? அல்ஜீரியாவில் ஏறத்தாழ பத்து லட்சம் ஐரோப்பியர்கள் நிலத்தோடும் தோட்டத்தோடும் குடியிருந்தார்கள். புதுச்சேரியில் இருந்த வெள்ளைக்காரர்களை ஒரு கல்யாண மண்டபத்தில் உட்கார வைத்துவிடலாம். அங்கே திராட்சைத் தோட்டம், பின்னால் எண்ணெயும் கிடைத்தது. இங்கே மூன்று பஞ்சாலையும் ஒரு கடற்கரையும். பேரரசு கொள்கைப்படி கலைந்தது என்று யார் எழுதினாலும் நான் நம்புவதில்லை. கணக்குப்படி கலைந்தது.

அந்தக் கணக்கில் எங்கள் ஊரும் மாட்டிக்கொண்டது. 1956 மே 28இல் டெல்லியில் நேரு முன்னிலையில் முழுமையான ஒப்படைப்பு ஒப்பந்தம் கையெழுத்தானது. பிரெஞ்சு நாடாளுமன்றம் அங்கீகரித்தால்தான் அது செல்லும். அங்கீகரிக்கவில்லை. அந்த ஆண்டுக் கடைசியில் சூயெஸ் கால்வாய்ப் படையெடுப்பு வந்து, நேரு அதைக் கண்டித்து, பாரிசில் மனக்கசப்பு. ஆனால் முதல் காரணம் அல்ஜீரியா. ஒரு பிரெஞ்சு நிலப்பகுதியைச் சட்டப்படி விட்டுக்கொடுத்தோம் என்று நாடாளுமன்றப் பதிவேட்டில் ஏறினால், நாளை அல்ஜீரியாக்காரன் அதே பக்கத்தைத் திருப்பிக் காட்டுவான் என்ற பயம். கோப்பு அலமாரிக்குப் போய்விட்டது. 1958இல் தெகோல் ஆட்சிக்குத் திரும்பி வந்தார். 1960இல் மட்டும் ஆப்பிரிக்காவில் 17 நாடுகள் விடுதலை பெற்றன, அவற்றில் 14 பிரான்சின் கையிலிருந்தவை. புதுச்சேரிக் கோப்பு அப்போதும் அலமாரியில்தான்.

அந்த எட்டு ஆண்டுகளும் நாங்கள் யார்? ஆண்டது இந்தியா. சட்டப்படி மண் பிரான்சுடையது. டெல்லியில் எங்கள் ஊர் விவகாரத்தைப் பார்த்தது வெளியுறவு அமைச்சகம். வில்லியனூர் வெளிநாடு! தாத்தா காலையில் இந்திய போலீஸ்காரரைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு, பிரெஞ்சுக் குடிமகனாக மில்லுக்குப் போனார். 1946இல் பாரிசில் போட்ட ஒரு சட்டத்தால் குடியேற்ற நாட்டு மக்கள் எல்லோரும் பிரெஞ்சுக் குடிமக்கள் ஆகியிருந்தார்கள், மில் தொழிலாளி உட்பட. இது தனக்கு நடந்தது என்பதே அவருக்கு வெகுநாள் தெரியாது. சம்பளத்தில் எந்த மாற்றமும் இல்லாததால் கவனிக்கவில்லை என்றார்.

1962 மார்ச் 18இல் அல்ஜீரியப் போரை நிறுத்த எவியான் ஒப்பந்தம். ஜூலை 5இல் அல்ஜீரியா விடுதலை. அதே ஜூலை மாதம் பிரெஞ்சு நாடாளுமன்றம் புதுச்சேரி ஒப்பந்தத்தை எடுத்துத் தூசி தட்டி அங்கீகரித்தது. ஆகஸ்ட் 16இல் பத்திரங்கள் பரிமாறப்பட்டன. எங்கள் எட்டு ஆண்டுகளும் அல்ஜீரியாவின் எட்டு ஆண்டுகளும் ஒரே எட்டு ஆண்டுகள். அங்கே லட்சக்கணக்கில் செத்தார்கள். இங்கே ஒரு கோப்பு தாமதமானது. ஒப்பிடவே கூச்சமாக இருக்கிறது, ஆனால் இரண்டையும் கட்டியிருந்த கயிறு ஒன்றுதான். கடற்கரைச் சாலையில் நவம்பர் 1 விழா நடக்கும்போது, இதே தேதி அல்ஜியர்ஸிலும் தேசியத் திருநாள் என்று மேடையில் யாராவது ஒருமுறை சொல்வார்கள் என்று ஒவ்வொரு வருடமும் காத்திருக்கிறேன்.

ஒப்பந்தத்தில் மொழி, பள்ளிக்கூடம், ஓய்வூதியம் என்று பல பிரிவுகள் உண்டு. எங்கள் குடும்பத்தைத் தொட்டவை குடியுரிமைப் பிரிவுகள். புதுச்சேரியில் பிறந்து அங்கேயே வசிக்கும் பிரெஞ்சுக் குடிமகன், 1962 ஆகஸ்ட் 16 அன்று தானாகவே இந்தியர் ஆகிவிடுவார். பிரெஞ்சுக்காரராகவே இருக்க விரும்பினால் ஆறு மாதத்துக்குள் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்க வேண்டும். ஆனால் புதுச்சேரியில் பிறந்து வெளிநாட்டில் வசிப்பவர் எதுவும் செய்ய வேண்டாம், தானாகவே பிரெஞ்சுக்காரராக நீடிப்பார். ஒரே தாய் வயிற்றில் பிறந்த இருவர். சைகோனில் இருந்தவர் சும்மா இருந்து பிரெஞ்சுக்காரர் ஆனார். வில்லியனூரில் இருந்தவர் சும்மா இருந்து இந்தியர் ஆனார்.

மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட மக்களில் கையெழுத்துப் போட்டவர்கள் ஏறத்தாழ 5,000 பேர்தான். சொல்தாக்கள், அதாவது பிரெஞ்சுப் படையில் இருந்தவர்கள், அரசு வேலையில் இருந்தவர்கள், பாண்டிச்சேரி நகரத்துப் படித்த குடும்பங்கள் போட்டார்கள். கிராமத்தில் பலருக்கு இப்படி ஒன்று இருப்பதே எட்டவில்லை. தாத்தாவுக்கு எட்டியது. மில்லில் உடன் வேலை பார்த்த ஒருவர் சொல்லியிருக்கிறார். ஏன் போடவில்லை என்று கேட்டால் அவர் ஆளுக்கு ஏற்றபடி பதில் சொல்வார். சங்கத்து நண்பர்கள் வந்திருந்தால், "பன்னிரண்டு பேரைச் சுட்டவன் நாட்டுக்கு நான் கையெழுத்துப் போடுவேனா?" என்பார். அப்பாவிடம், கையெழுத்துப் போட்டவர்களை எல்லாம் கப்பலில் ஏற்றி அனுப்பிவிடுவார்கள், நிலம் வாங்க முடியாது என்று ஊரில் பேசிக்கொண்டதாகச் சொல்வார். பாட்டியின் கதை வேறு. அந்த மாசியில் அத்தைக்கு அம்மை போட்டிருந்தது, வேப்பிலை கட்டிய வீட்டை விட்டு யாரும் வெளியே போகவில்லை, அதற்குள் கெடு முடிந்துவிட்டது. மூன்றும் உண்மையாக இருக்கலாம். எனக்கு என்னவோ பாட்டி சொன்னதில்தான் நம்பிக்கை.

கையெழுத்துப் போட்ட வீடுகள் இன்று தெரியும். பிள்ளைகள் பாரிஸ் புறநகரில், இங்கே மாடி மேல் மாடி. வரன் பார்க்கும்போது பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள மாப்பிள்ளைக்குத் தனி விலை. பிரெஞ்சுத் தேசிய நாளான ஜூலை 14 காலையில் கடற்கரைப் போர் நினைவிடத்தில் வயதான சொல்தாக்கள் கோட்டில் பதக்கம் குத்திக்கொண்டு நிற்பார்கள். வருடா வருடம் வரிசை சுருங்குகிறது. பிரான்சில் அதிபர் தேர்தல் என்றால் இங்கேயும் வாக்குச்சாவடி திறக்கும். சேலை கட்டிய ஆயா ஒருவர், பேரன் கையைப் பிடித்துக்கொண்டு வந்து பாரிசில் யார் ஆளவேண்டும் என்று வாக்களித்துவிட்டுப் போவதை ஒருமுறை நின்று பார்த்தேன். சித்தப்பா மட்டும் இன்றுவரை ஆறவில்லை. குடும்பத்தில் எந்தக் கஷ்டம் வந்தாலும், "அன்றைக்கு அப்பா ஒரு கையெழுத்து…" என்று ஆரம்பிப்பார். பதினெட்டு வயதுக்குக் கீழிருந்த பிள்ளைகள் தகப்பனாரின் முடிவோடு போனார்கள். அவருக்கு அப்போது வயது பத்து.

சைகோன் தாத்தா 1975இல் சைகோன் விழுந்தபோது பிரெஞ்சுப் பாஸ்போர்ட்டோடு பிரான்சுக்குப் போய்விட்டார். ஒரே ஒருமுறை, 1978இல், ஊருக்கு வந்தார். எனக்கு ஆறு வயது. மீனம்பாக்கத்துக்கு வாடகைக் காரில் போனோம். கண்ணாடித் தடுப்புக்கு அப்பால் ஒல்லியாக, தொப்பி வைத்துக்கொண்டு நின்றார். வெளியே வர வெகுநேரம் ஆயிற்று. வந்ததும் தம்பியைக் கட்டிப்பிடிக்கவில்லை. சட்டைப்பையிலிருந்து எதையோ எடுத்துக் காட்ட முயன்று, அதை உள்ளேயே வாங்கிக்கொண்டுவிட்டார்கள் என்று ஞாபகம் வந்து கையை உதறினார்.

விமானத்தில் பூர்த்தி செய்யச் சொன்ன படிவத்தைப் பற்றித்தான் கார் முழுக்கப் பேசிக்கொண்டு வந்தார். குடியுரிமை: பிரெஞ்சு. பிறந்த ஊர்: வில்லியனூர். இந்தியாவில் தங்கும் முகவரி என்ற இடத்தில் வீட்டு முகவரியைத்தான் எழுதியிருக்கிறார். அதிகாரி ஊர்ப்பெயர் இரண்டு தடவை வருவதைப் பார்த்துவிட்டு, தவறாக எழுதிவிட்டீர்களா என்று கேட்டாராம்.

"நீ என்ன சொன்னாய்?" என்று தாத்தா கேட்டார்.

"நான் எழுதவில்லை ஐயா, எங்கள் அம்மாதான் அங்கே பெற்றுவிட்டாள் என்றேன்."

இரண்டு பேரும் திண்டிவனம் வரும்வரை சிரித்துக்கொண்டிருந்தார்கள். அதன்பிறகு சைகோன் தாத்தா தூங்கிவிட்டார். தொப்பி மடியில் விழுந்து கிடந்தது. தாத்தா அதை எடுத்து ஒரு தரம் தன் தலையில் வைத்துப் பார்த்துவிட்டு, நான் பார்ப்பது தெரிந்ததும் எடுத்துவிட்டார்.